பொட்டில்லாத படம்

அத்தியாயம் 6

உயிரோட இருக்கிற ஒரு அம்மா, தன்னோட கண்ணீர் அஞ்சலிப் பதாகையைச் சுருட்டி, ரப்பர் பேண்ட் போட்டு, கக்கத்துல இடுக்கிக்கிட்டு பஸ் ஏறி வந்திருந்தாங்க. செவ்வாய்க்கிழமை காலை எட்டரை மணி. நாங்க ஒப்பீஸ் கதவை இன்னும் முழுசாத் திறக்கவே இல்லை.

ஒப்பீஸ்னா பெருசா நெனச்சுக்காதீங்க. கண்டி டவுன்ல ஒரு புடவைக் கடைக்கு மேல் மாடி, ஒரு மேசை, மூணு கதிரை, ஒரு அலுமாரி. மேசைக்கு அந்தப் பக்கம் பாயிஸா மிஸ். இருபத்தாறு வருஷம் கோர்ட்டுல மொழிபெயர்ப்பாளரா இருந்தவங்க. மத்தவங்க சொன்ன பொய்யையெல்லாம் ரெண்டு பாஷையிலயும் திருப்பிச் சொல்லிச் சொல்லி, பொய் வாசலுக்கு வரும்போதே அவங்களுக்கு வாசனை தெரிஞ்சிரும். பென்ஷன் எடுத்ததும் துப்பறியக் கிளம்பிட்டாங்க.

நான் ராஜலிங்கம். ஓட்டோ என்னோடது. மிஸ்ஸுக்கு சாரதி, எடுபிடி, தேவைப்பட்டா வாய். போன வருஷம் பொஞ்சாதி போய்ச் சேந்ததிலேருந்து எனக்கு உள்ளுக்குள்ள ஒண்ணும் அசையுறதில்லை. வாய் மட்டும் பழைய பழக்கத்துல ஓடிக்கிட்டிருக்கு.

வந்தவங்க பேரு கலாராணி. கலஹா பக்கம் மேல்கந்த தேயிலைத் தோட்டம். பதினாறு வருஷம் கொழுந்து எடுத்தவங்க, இப்ப பிரதேச சபை உறுப்பினர். சுயேச்சைக் குழுவில நின்னு ஜெயிச்ச ஒரே ஆள். சபையில ரெண்டு கட்சிக்கும் சரிசம ஆசனம், அதனால சபைக்குத் தலைமை தாங்குற தவிசாளர் யாருங்கிறது இந்தம்மா தூக்குற ஒத்தைக் கையில வந்து நின்னுருச்சு. தெரிவு வியாழக்கிழமை. தவிசாளர் கதிரைக்கு உசுரை விட்டுக்கிட்டு நிக்கிறவர் சந்திரகுமார், தொழிற்சங்கத்துப் பெரிய கை. கலாராணி அவருக்குக் கை தூக்க மாட்டேன்னு முகத்துக்கு நேரா சொல்லிட்டாங்க. அன்னைக்கு சாயந்தரமே போன் வர ஆரம்பிச்சிருச்சு. சொல்றது ஒரே விஷயம்தான், வியாழன் சபைக்கு வந்தா வெள்ளிக்கிழமை ஒனக்கு சாவுத் தப்பு மேளம் அடிப்போம்.

மூணு தரம் பொலிசுக்குப் போயிருக்காங்க. மூணு தரமும் அங்க இருந்த கொன்ஸ்டபிள் ஆதாரம் கொண்டு வாங்கன்னு சொல்லி அனுப்பியிருக்கான். புத்தகத்துல ஒரு வரி கூட எழுதலை. இந்தம்மா கையில இருக்கிறது பட்டன் போன், அதுல குரலைப் பதிய வழியில்லை. ஒவ்வொரு தரமும் வேற வேற நம்பர்.

கடைசியா வக்கீல் ஸ்ரீதரன் ஐயாக்கிட்ட போனாங்க. யாழ்ப்பாணத்துக்காரர், கண்டிக்கு வந்து இருபது வருஷம். பொலிஸ் பாதுகாப்புக் குடுக்கணும்னு கோர்ட் கட்டளை போடணும்னு நேத்து அவசர மனு போட்டுட்டார். எதிர்த்தரப்பா பொலிசும் சந்திரகுமாரும். அவங்களுக்கும் பிரதி போயாச்சு. மனுவோட நாலாவது ஆவணம்தான் இந்தப் பதாகை. ஞாயித்துக்கிழமை காலையில அவங்க குடியிருக்கிற லயத்து வீட்டு வரிசைக் கோடியில இருந்த மரத்துல கட்டித் தொங்கியிருக்கு. இன்னைக்கு ஒண்ணரைக்கு விசாரணை. அதுக்குள்ள இதை அடிச்சது யாருன்னு மிஸ் கண்டுபிடிச்சுத் தரணும், சந்திரகுமார் ஆளுன்னு காட்டிட்டா கட்டளை கையில கிடைச்ச மாதிரின்னு ஐயா சொல்லி அனுப்பியிருந்தார்.

பதாகையை மேசையில விரிச்சோம். மேல கண்ணீர் அஞ்சலி, கீழ திருமதி கலாராணி திவாகரன். பிறந்த தேதி சரியா இருந்துச்சு. இறந்த தேதி வர்ற வெள்ளிக்கிழமை. அச்சகத்துப் பேரு எங்கயும் இல்லை. நடுவுல படம்.

மிஸ் பதாகையை விட்டுட்டு அந்தம்மாவைத்தான் பாத்துக்கிட்டிருந்தாங்க. பயமா ஈக்குதான்னு கேட்டாங்க.

"பயந்து முடிஞ்சிருச்சு மிஸ். இப்ப சோறு திண்டாக் கூட ருசி தெரியலை. ரெண்டு புள்ளைங்களையும் மடுல்கெல்லையில தங்கச்சி வீட்டுல விட்டுட்டேன். வியாழன் வரைக்கும் உசுரோட இருந்து கையத் தூக்கிட்டா போதும்."

குரல்ல ஏத்த இறக்கமே இல்லை. பஸ் நேரம் சொல்ற மாதிரி சொன்னாங்க. எனக்கு அந்தக் குரல் தெரியும், நானும் ஒரு வருஷமா அப்படித்தான் பேசிக்கிட்டிருக்கேன்.

லயத்துப் பக்கம் யார் யார் வந்து போவாங்கன்னு மிஸ் விசாரிச்சாங்க. யாரும் வரமாட்டாங்கன்னாங்க. அவங்க லயத்தோட பாதை முடிஞ்சிருதாம். அதுக்கு மேல தேயிலை, தண்ணி தேக்கி வைக்கிற ஒரு தாங்கி, அவ்வளவுதான். ஞாயித்துக்கிழமை வேலையும் இல்லாததால ஏழு மணி வரைக்கும் ஒருத்தரும் எழும்பலையாம். புருஷன் திவாகரன்தான் முதல்ல பாத்து, அவிழ்த்து, உள்ளே கொண்டு வந்தாராம்.

நான் படத்தையே பாத்துக்கிட்டிருந்தேன். நெத்தியில பொட்டு இல்லை, காதுல தோடு இல்லை. தலைமுடியை ரெண்டு காதும் தெரியுற மாதிரி பின்னால இழுத்து ஒதுக்கியிருந்துச்சு. முகத்துல சிரிப்பும் இல்லை, கோபமும் இல்லை.

தாலியறுத்த கோலம் காட்டி அவமானப்படுத்தத்தான் பொட்டை அழிச்சிருக்காங்க, இது ஸ்ரீதரன் ஐயாவோட கணக்கு. மனுவிலயும் அப்படியே எழுதியிருந்தார்.

"மிஸ், பொட்டழிச்சா செத்தது புருஷன்ல? அப்ப இந்தப் பதாகையில திவாகரன் அண்ணன் படம்ல இருக்கணும்? மெரட்டுறவனுக்கு யாரைக் கொல்றதுன்னே தெளிவில்லையா?"

மிஸ் சிரிக்கலை. ஆனா கண்ணாடியைக் கழட்டி வச்சாங்க. அவங்க அப்படிச் செஞ்சா நான் சொன்னதுல ஏதோ இருக்குன்னு அர்த்தம்.

என் பொஞ்சாதிக்குப் பதாகை அடிக்கிறப்போ படம் தேடி வீட்டையே கவுத்தோம். கடைசியில மச்சான் கல்யாணத்துல எடுத்த படத்துல இருந்து அவளை மட்டும் வெட்டி எடுத்தோம். தோள்ல யாரோட கையோ பாதி தெரியும். பூவும் பொட்டுமா நல்லா இருந்தா. சாவுப் படம்னா ஆளுங்க அப்படித்தான் தேடுவாங்க, மெரட்டுறவனும் முகப்புத்தகத்துல போய் தேர்தல் படத்தைத்தான் எடுப்பான். இந்தப் படத்தை எவன் தேடி எடுத்தான்னு மிஸ்கிட்ட கேட்டேன்.

மிஸ் கலாராணி பக்கம் திரும்பி, வாழ்க்கையில எப்பவாவது பொட்டில்லாம படம் எடுத்ததுண்டான்னு கேட்டாங்க.

அந்தம்மா ஒரே ஒரு தரம்னாங்க. வேட்புமனுவுக்கு முன்னால பழைய அடையாள அட்டை உடைஞ்சு போய் புதுசுக்கு எழுதியிருக்காங்க. கண்டியில ஒரு ஸ்டூடியோ. பொட்டு இருக்கக் கூடாது, தோடு கூடாது, காது தெரியணும்னு சொல்லி ஒரு டிசு பேப்பரைக் குடுத்தாங்களாம். அழிச்சிட்டு உக்காந்து, எடுத்து முடிச்சதும் படிக்கட்டுலயே திரும்ப வச்சிக்கிட்டாங்களாம். படத்தைக் கையில தரலை. கம்பியூட்டர்ல கொழும்பு அடையாள அட்டை ஒப்பீசுக்கு அனுப்பியாச்சுன்னு ஒரு துண்டு மட்டும் தந்திருக்காங்க.

"அப்ப இந்தப் படம் உங்கட ஊட்டுல இல்ல," என்றாங்க மிஸ்.

"நானே இன்னும் ஒழுங்காப் பாத்ததில்லை மிஸ். இப்பத்தான் பாக்குறேன்."

ஒண்ணு கொழும்பு ஒப்பீஸ், இல்லைன்னா ஸ்டூடியோ. கொழும்பு ஒப்பீஸ்காரங்க கலஹாவுக்கு வந்து மரம் ஏறப் போறதில்லை. ஓட்டோவை எடுத்தேன். கலாராணி பின்னால மிஸ் பக்கத்துல உக்காந்தாங்க. அந்த சீட்டுக்கு அடியிலதான் என் பொஞ்சாதியோட பதாகை மடிச்சுக் கிடக்கு, ஒரு வருஷமா நான் அதைத் தொடலை. அதை நான் யார்கிட்டயும் சொன்னதில்லை.

மணிக்கூட்டுக் கோபுரத்துக்குப் பக்கத்துல வாகனம் நகரலை. கைத்தடி ஊன்றி நடந்து போன ஒரு பெரியவர் எங்களை ரெண்டு தரம் முந்திட்டுப் போனார். ஸ்டூடியோ மாடியில. கலாராணியை ஓட்டோவிலயே இருக்கச் சொல்லிட்டு நாங்க ஏறினோம்.

ஸ்டூடியோக்காரர் இன்ஷாப். மிஸ்ஸுக்குத் தெரிஞ்ச குடும்பம். அரசாங்க அட்டைக்கு எடுத்த படத்தை வெளியில குடுத்தா உரிமம் போயிரும்னு சுவத்துல பெருசா எழுதி ஒட்டியிருந்துச்சு. நேரா கேட்டா இவர் இல்லைன்னுதானே சொல்வார்? மிஸ் நேரா கேக்கலை.

"இன்ஷாப், நீங்க அனுப்பின படம் நல்லா வந்தீக்கி. காட்டிட்டுப் போவோம்டு வந்தோம்."

மனுஷன் முகம் மலர்ந்து போச்சு. போஸ்டருக்கு இது எடுக்காது, வேற படம் இருந்தா கொண்டு வாங்கன்னு தான் அப்பவே சொன்னதாச் சொல்லிக்கிட்டே மேசையைத் துடைச்சு இடம் விட்டார். நான் பதாகையை விரிச்சேன். கண்ணீர் அஞ்சலியைப் படிச்சதும் அவர் துடைச்ச துணியைக் கையிலயே வச்சிக்கிட்டு நின்னுட்டார்.

"அல்லாவே. போஸ்டர் அடிக்கன்டு தானே மிஸ் கேட்டாரு."

யார் கேட்டதுன்னு மிஸ் மெதுவாத்தான் கேட்டாங்க.

"அவங்கட ஹஸ்பண்ட்தான். வெள்ளிக்கிழமை வந்தாரு. சொந்த மாப்பிள்ளை கேக்கிறப்ப எப்படி இல்லன்டு செல்லுறது?"

போனை எடுத்துக் காட்டினார். வெள்ளி மாலை நாலு பன்னெண்டுக்கு திவாகரனோட நம்பருக்குப் படம் போயிருந்துச்சு.

படி இறங்கினோம். மிஸ் சுத்தி வளைக்காம விஷயத்தை அப்படியே கலாராணிகிட்ட சொன்னாங்க. அந்தம்மா அழல, திட்டல. மணி என்னன்னு கேட்டாங்க. பதினொண்ணரைன்னேன். அவரு பன்னெண்டுக்கு கோர்ட்டுக்கு வந்துருவாருன்னு சொல்லிட்டு வெளியில பாத்துக்கிட்டு உக்காந்துட்டாங்க.

திவாகரன் கோர்ட்டுக்கு வெளிய, வக்கீல் ஐயா பக்கத்துல, தேத்தண்ணிக் கோப்பையோட நின்னுக்கிட்டிருந்தார். கலஹா பசார்ல ஒரு இரும்புக் கடையில வேலை பாக்குறவர். ஒல்லியான ஆள், சட்டையை மேல் பட்டன் வரைக்கும் பூட்டியிருந்தார். என் கையில இருந்த பதாகையையும், பொஞ்சாதி முகத்தையும் பாத்தார். கோப்பையைக் கீழ வச்சார்.

மறைக்கணும்னு அவர் நெனைக்கவே இல்லை. யாருமே கேக்காம சொல்ல ஆரம்பிச்சார்.

"மூணு தடவை போனோம். மூணு தடவையும் ஆதாரம் கொண்டான்னாங்க. எங்க தாத்தாவுக்கு பிரஜாவுரிமைக்கு ஆதாரம் கேட்டாங்க, எங்கப்பாவுக்கு பொறந்ததுக்கு ஆதாரம் கேட்டாங்க, எனக்கு வீட்டு நம்பருக்கு ஆதாரம் கேட்டாங்க. எங்களுக்கு ஆதாரம்னா கையில குடுக்கிற மாதிரி ஒண்ணு இருக்கணும். போன்ல வர்றதை எப்படிக் கையில குடுக்கிறது? அதான் ஒண்ணு செஞ்சேன்."

அந்தப் படத்தை ஏன் எடுத்தீங்கன்னு நான் கேட்டேன்.

"வீட்டுல இல்லாத படமா இருந்தா வீட்டு ஆள் மேல சந்தேகம் வராதுன்னு நெனச்சேன்."

அவ்வளவு யோசிச்சு எடுத்த படம்தான் எங்களை நேரா அவர் காலடியில கொண்டு வந்து விட்டுச்சு. சிரிக்க வேண்டிய விஷயம். எனக்கு சிரிப்பு வரலை.

ஸ்ரீதரன் ஐயாவுக்கு முகம் கறுத்துப் போச்சு. ரெண்டு வழி இருக்குன்னார். ஒண்ணு, யாரும் ஒண்ணும் பேசாம நாலாவது ஆவணத்தை அப்படியே விடுறது. எதிர்த்தரப்புக்கு இது தெரிய வழியே இல்லை. ரெண்டாவது, அதை வாபஸ் வாங்குறது. வாங்கினா கையில மிஞ்சுறது வெறும் வாய்ச்சொல்தான், மனு நிக்காது. அவர் முதல் வழியைத்தான் ரெண்டு தரம் சொன்னார். மிஸ் வேணாம்னு ஒரே தரம் சொன்னாங்க. முடிவு அந்தம்மாகிட்ட வந்துச்சு.

"எடுத்துருங்க ஐயா. அவங்க கொல்லப் போறேன்னு சொன்னது நெசம். அதுக்குப் பக்கத்துல ஒரு பொய்யைக் கொண்டு போய் வச்சா அதுவும் பொய்யாப் போயிரும்."

"ஓம். நான் எடுத்துவிடுறன். ஆனா தோத்துப் போனா என்னைக் குறை சொல்லக் கூடாது," என்றார் ஐயா.

தோத்தா குறை சொல்ல நான் இருக்க மாட்டேன் ஐயான்னு கலாராணி சொன்னாங்க. பகிடியாத்தான் சொன்னாங்கன்னு நெனைக்கிறேன். திவாகரன் அந்தாண்ட திரும்பிக்கிட்டார்.

ஒண்ணரைக்குக் கூப்பிட்டாங்க. நீதிபதி ஐம்பது வயசுல ஒரு அம்மா. கோர்ட் சிங்களத்துல நடந்துச்சு. மிஸ் பழக்க தோஷத்துல என் காதுல தமிழ்ல சொல்லிக்கிட்டே இருந்தாங்க. எனக்குச் சிங்களம் தெரியும், ஆனா நான் தடுக்கலை.

ஸ்ரீதரன் ஐயா எழும்பி, நாலாவது ஆவணத்தை மனுதாரர் வாபஸ் வாங்குறாங்க, அதை நம்பி இந்த மனு நிக்கலைன்னு சொன்னார். காரணம் சொல்லலை. நீதிபதி ஒரு தரம் நிமிர்ந்து பாத்துட்டுக் குறிச்சுக்கிட்டாங்க.

அதோட விட்டிருந்தா எதிர்த்தரப்பு ஜெயிச்சிருக்கும். ஆனா சந்திரகுமாரோட வக்கீல் ராத்திரியெல்லாம் தயார் பண்ணிக்கிட்டு வந்த வெடியைக் கொளுத்தாம வீட்டுக்குக் கொண்டு போக மனசு வரலை. இது திட்டமிட்ட மோசடின்னார். பதாகையைக் கட்டினதே மனுதாரரோட புருஷன், என்கிட்ட படம் இருக்குன்னு மூணு படத்தைத் தூக்கிக் குடுத்தார். முதல் படத்துல திவாகரன் சுருட்டின பதாகையோட லயத்துக் கதவைத் திறந்து வெளிய வர்றார். ரெண்டாவதுல மரத்துல கட்டுறார். மூணாவதுல தூர நின்னு சரியா இருக்கான்னு பாக்குறார். மூலையில நேரமும் இருந்துச்சு. அஞ்சு நாப்பது, ஆறு அஞ்சு, ஆறு இருபது.

எங்க பக்கத்துல திவாகரன் குனிஞ்சு தரையைப் பாத்துக்கிட்டிருந்தார். சந்திரகுமார் முன் வரிசையில உக்காந்து கைக்குட்டையால கழுத்தைத் துடைச்சுக்கிட்டார்.

மிஸ் கண்ணாடியைக் கழட்டினாங்க. ஒரு துண்டுக் கடுதாசியில ஒரே ஒரு வரி எழுதி முன்னால நீட்டினாங்க. ஸ்ரீதரன் ஐயா அதைப் படிச்சிட்டு மறுபடி எழும்பினார். படத்துல இருக்கிறது மனுதாரரோட கணவர்தான், அதை நாங்க மறுக்கலைன்னார். இதை எடுத்தவர் யாருன்னு மட்டும் என் கற்றறிந்த நண்பர் சொல்லட்டும்னு கேட்டார்.

அந்தப் பாதையால போன ஒரு வழிப்போக்கர்னு பதில் வந்துச்சு.

அந்தப் பாதை எங்க போகுதுன்னு ஐயா கேட்டார். மிஸ் எழுதிக் குடுத்த வரி அதுதான்.

எதிர் வக்கீல் தன் ஆளுங்க பக்கம் திரும்பினார். பாதை மனுதாரரோட லயத்தோட முடிஞ்சிருது, அதுக்கு மேல தேயிலையும் தண்ணித் தாங்கியும்தான், படம் மேல இருந்து கீழ பாத்து எடுத்ததுன்னு ஐயா ஒவ்வொண்ணா எடுத்து வச்சார். நீதிபதி மூணு படத்தையும் மேசையில வரிசையா அடுக்கி வச்சுப் பாத்தாங்க. அப்புறம் அவங்க கேட்டதை மிஸ் என் காதுல வார்த்தைக்கு வார்த்தை சொன்னாங்க.

"இந்த வழிப்போக்கர் அந்த இடத்தைக் கடந்து போக நாற்பது நிமிடம் எடுத்திருக்கிறார். விடியும் முன்னர், ஒரு பெண்ணின் வீட்டுக் கதவைப் பார்த்துக்கொண்டு. அவர் எங்கே போய்க்கொண்டிருந்தார்?"

எதிர் வக்கீல் உக்காந்துட்டார். சந்திரகுமார் கழுத்தைத் துடைக்கிறதை நிப்பாட்டினார். பட்டன் போன்ல பதிய முடியாததை, பொலிஸ் புத்தகத்துல எழுதாததை, அவங்களே நேரம் போட்டு அச்சடிச்சுக் கொண்டு வந்து மேசையில வச்சிட்டாங்க.

கட்டளை ரெண்டு மணிக்கு வந்துச்சு. இன்னைக்கே பாதுகாப்பு, இருபத்துநாலு மணி நேரமும், அடுத்த விசாரணைத் தவணை வரைக்கும். படம் எடுத்த ஆளை சந்திரகுமார் கோர்ட்டுல நிப்பாட்டணும். பதாகை விஷயத்துல திவாகரன் பொலிசுக்கு வாக்குமூலம் குடுக்கணும், பதாகையையும் ஒப்படைக்கணும், சட்டப்படி என்னவோ அது நடக்கும். நீதிபதி அதையும் விடலை. திவாகரன் தலையாட்டினார். வெளிய வந்ததும் கலாராணி அவர் சட்டையோட மேல் பட்டனைக் கழட்டி விட்டாங்க. சூடா இருக்குல்லன்னு மட்டும் கேட்டாங்க.

மூணு பேரையும் ஏத்திக்கிட்டு மேல்கந்த தோட்டத்துக்குப் போனேன். பேராதனை தாண்டினதும் மழை புடிச்சுக்கிச்சு. நாங்க போய்ச் சேர்றப்போ அஞ்சரை. லயத்து வாசல்ல ஒரு பிளாஸ்டிக் கதிரையைப் போட்டுக்கிட்டு கொன்ஸ்டபிள் ஏற்கெனவே உக்காந்திருந்தான். கலாராணி இறங்காம அவனையே பாத்தாங்க.

இவருதான் மிஸ்னாங்க. மூணு தரமும் இவருதான்.

அவனுக்கும் அடையாளம் தெரிஞ்சிருக்கணும். எழும்பி நின்னான், தொப்பியைச் சரி பண்ணினான், அரைகுறைத் தமிழ்ல அம்மா வாங்கன்னான். கலாராணி உள்ளே போய் தேத்தண்ணி ஊத்திக் கொண்டு வந்து முதல் கோப்பையை அவனுக்குத்தான் குடுத்தாங்க. எனக்கு அது புடிக்கலை. ஆனா வீடு அவங்களோடது.

அஞ்சு ஐம்பதுக்கு அந்தம்மா இடுப்புல இருந்த பட்டன் போன் அடிச்சுச்சு.

எல்லாரும் அதையே பாத்தோம். புது நம்பர். ரெண்டு தரம், மூணு தரம் அடிக்க விட்டாங்க. அப்புறம் பச்சைப் பட்டனை அமத்தி, தன் காதுல வைக்காம, அப்படியே கொன்ஸ்டபிள் பக்கம் நீட்டினாங்க.

"நீங்க கேட்டீங்கல்ல சார், ஆதாரம். பேசுங்க."

அவன் வாங்கிக் காதுல வச்சான். ஹலோ சொல்றதுக்குள்ளயே அந்தப் பக்கம் ஆரம்பிச்சிருச்சு. குரல் எங்களுக்கும் கேட்டுச்சு. கோர்ட்டு, பொலிசு, வெள்ளிக்கிழமை, தப்பு, புள்ளைங்க, மடுல்கெல்ல. மடுல்கெல்லன்னதும் கலாராணி கண்ணை மூடிக்கிட்டாங்க. எனக்கு ஒரு வருஷத்துக்கு அப்புறம் உள்ளுக்குள்ள ஏதோ அசைஞ்சுச்சு, சுவத்தைப் புடிச்சுக்கிட்டேன். கொன்ஸ்டபிள் முழுசாக் கேட்டான். அந்தப் பக்கம் வச்சப்புறமும் கொஞ்ச நேரம் போனைக் காதுலயே வச்சிருந்தான்.

அப்புறம் தேத்தண்ணிக் கோப்பையைத் தரையில வச்சான். சட்டைப் பையில இருந்து புத்தகத்தை எடுத்தான், பையை ரெண்டு தரம் தடவிப் பாத்தான். பேனா இருக்கான்னு கேட்டான்.

கலாராணி மனுவுல கையெழுத்துப் போட்ட பேனாவை எடுத்துக் குடுத்தாங்க. அவன் முதல்ல மடுல்கெல்ல வீட்டு விலாசம் சொல்லுங்க, அங்க சொல்லி ஆள் அனுப்பணும்னான். சொன்னாங்க, எழுதினான். அப்புறம் முழுப் பேர் கேட்டான். அவங்க அப்பா பேரோட சேத்துச் சொன்னாங்க.

"வீரையா கலாராணி."

அதையும் எழுதினான். நேரம் போட என்கிட்ட மணி கேட்டான். அஞ்சு ஐம்பத்துநாலுன்னு சொன்னேன்.